இரண்டு கயிற்றுக்கும் கேட்காத பாட்டு

யார் யார் இருந்தார்கள் என்று முதலில் சொல்லிவிடுகிறேன்.

சுகந்தி. என் மனைவி. பாட்டு அவளுடையது.

யாழினி. எங்கள் மகள். ஃபோன் அவளுடையது.

ரிஸ்வான். மூதூர்த் தம்பி. பாட்டுக்கு மியூசிக் போட்டவர். பஸ் பிடித்து எங்கள் ஊர் சாம்பல்தீவு வரை வந்திருந்தார்.

செல்லத்துரை அண்ணை. எங்கள் கரையின் சம்மாட்டி. கரைவலை அவருடையது. கோயில் திருவிழாக் கமிட்டியிலும் அவர்தான் தலைவர்.

நாதன். அந்த வலையை இழுக்கிறவர்களில் ஒருவன். சுகந்திக்கு மச்சான் முறை. வாய்க்கு வேலி இல்லாதவன்.

மலர் அக்கா. பக்கத்து வீடு. மீன் வியாபாரம். அவரை யாரும் கூப்பிடவில்லை. கூப்பிடாமலே வருவார் என்பதால் யாரும் கூப்பிடுவதில்லை.

பிறகு நான்.

போன வெள்ளிக்கிழமை பின்னேரம். எங்கள் வீட்டு முன் அறை. யாழினி ஃபோனை அரிசி டின்னில் சாய்த்து வைத்தாள். சுகந்தியின் முதல் தனிப்பாட்டு நெட்டில் வெளியாகிற நேரம்.

ரிஸ்வான் அதை ‘சோலோ’ என்றார். மலர் அக்கா, “என்ன சோளமோ?” என்று கேட்டார். வேண்டுமென்றே கேட்டார்.

பத்திரிகையில் நான் எழுதுகிற இந்தப் பக்கத்தைக் கிழமை தவறாமல் வாசிக்கிறவர்களுக்கு என்னைத் தெரியும். படகு எஞ்சின் திருத்துகிறவன். எட்டாம் வகுப்போடு நின்றவன். பாட்டைப் பற்றி எழுத எனக்கு என்ன தகுதி? ஒன்றும் இல்லை. அதைப் பாடியவளோடு இருபது வருடமாகக் குடும்பம் நடத்துகிறேன். அவ்வளவுதான்.

சுகந்தி புதிதாகப் பாட வந்தவள் இல்லை. டவுனில் ஒரு இசைக்குழு. கலியாண வீடு, திருவிழா, பள்ளிக்கூட விழா... எல்லாவற்றுக்கும் போவார்கள். அவள் பின் வரிசை. முன்னால் நிற்கிறவர் வரியைப் பாடுவார். பின்னால் இவர்கள் ‘ஆ...’ என்பார்கள். சில பாட்டுக்கு ‘ஓ...’ என்பார்கள். முன்னால் நிற்கிறவர்கள் மாறினார்கள். வெளிநாடு போனார்கள். தொண்டை கெட்டு நின்றார்கள். இவள் மட்டும் அதே இடம், அதே ‘ஆ.’

ஒரு நாள் நிகழ்ச்சி முடிந்து வயர் சுற்றும்போது சுகந்தி ஏதோ முனகியிருக்கிறாள். அந்தக் குழுவில் கீபோர்ட் வாசித்தவர்தான் ரிஸ்வான். கேட்டுவிட்டார்.

“அக்கா, இது என்ன பாட்டு?”

“பாட்டில்லை தம்பி. வலை இழுக்கேக்க படிக்கிறது.”

வலை இழுக்கும்போது ஒருவர் நடுவில் நின்று ஒரு வரி எடுத்துக் கொடுப்பார். கயிற்றில் நிற்கிறவர்கள் அடுத்த வரியைத் திருப்பிச் சொல்லுவார்கள். அம்பா என்போம். சுகந்தியின் தகப்பன் இந்தக் கரையில் மண்டாடியாக நின்றவர். வலை எங்கே விழ வேண்டும், எப்போது இழுக்க வேண்டும் என்று சொல்கிற ஆள். அம்பாவும் அவர்தான் எடுத்துக் கொடுப்பார். அந்த மெட்டை எடுத்து, சொந்தமாகச் சொல் போட்டு வைத்திருந்தாள் இவள்.

கயிறு வருது, கயிறு வருது –
கையெல்லாம் உப்பு.
ஆள் வரேல்லை, ஆள் வரேல்லை –
ஆரிட தப்பு?

இதுதான் பாட்டு. இடையில் இன்னும் வரிகள் உண்டு. ஊருக்குப் பிடித்தது இந்த நாலும்தான்.

மூதூரில் ரிஸ்வானின் மாடி அறையில் பதிவு செய்தார்கள். எடுத்துக் கொடுக்கிற வரியும் சுகந்தி. திருப்பிச் சொல்கிற வரியும் சுகந்தி. அவளுடைய குரலையே ஒன்றன்மேல் ஒன்றாக வைத்து ஒரு கூட்டமாக்கிவிட்டார் அந்தத் தம்பி. கால் தானாக ஆட வேண்டும் என்று வேகத்தையும் கூட்டினார். இதை நினைவில் வைத்திருங்கள்.

சரி. வெள்ளிக்கிழமைக்கு வருவோம்.

பாட்டு ஓடி முடிந்தது. சுகந்தி என்னைப் பார்த்தாள்.

எல்லாரும் என்னைப் பார்த்தார்கள்.

“சத்தம் தெளிவா இருக்கு” என்றேன்.

“அப்பா!” என்றாள் யாழினி.

என் தொழிலில் அதற்கு மேல் ஒரு பாராட்டு இல்லை. அது வீட்டில் யாருக்கும் தெரியவில்லை.

அடுத்து மலர் அக்கா. “எடியே, இதுக்குள்ள பத்துப் பொம்பிளையள் படிக்குது. மற்றதுகள் ஆர்?”

“எல்லாம் நான்தான் அக்கா.”

“பத்துப் பேரின்ர வேலையை ஒருத்தி செய்யிறது புதினமோ? வீட்டில செய்யிறதுதானே.”

நாதன் எழும்பி நின்று கும்பிட்டான். “மச்சாள், இனி எங்களோட கதைப்பியளோ? இல்லாட்டி மேனேஜரிட்டக் கேட்டுத்தான் கதைக்கோணுமோ?”

சிரிப்பு. செல்லத்துரை அண்ணை மட்டும் சிரிக்காமல் தலையை ஆட்டினார். “கொப்பர் கேட்டிருக்கோணும்” என்றார், அவளுடைய தகப்பனை நினைத்து. பிறகு, “அடுத்த வெள்ளி திருவிழாவில இதைப் படி பிள்ளை. நடுவில நிண்டு படி” என்றார்.

நடுவில்.

சுகந்தி குசினிக்குள் போய்விட்டாள். தேத்தண்ணி போடவாம். தண்ணீர் கொதித்து வற்றுகிற வரை வரவில்லை.

*

இரண்டு நாள் நன்றாகத்தான் போனது. நன்றாக என்றால்... எனக்கு மட்டும் நிம்மதி இல்லை. ஏன் என்று கேட்டால் சொல்லத் தெரியாது. புது எஞ்சினை முதல் முறை கடலில் இறக்கினால் அப்படித்தான் இருக்கும். ஓடும் என்று தெரியும். ஆனால் கரை மறைகிற வரைக்கும் காது அந்தச் சத்தத்திலேயே இருக்கும்.

ஃபோனில் பாட்டுக்குக் கீழே கருத்து எழுதுகிறார்களே... அதை யாழினி வாசித்துக் காட்டினாள். கனடாவில் இருந்து ஒருவர்: ‘வேலைக்குப் போகும் பஸ்ஸில் கேட்டு அழுதுவிட்டேன்.’ இறக்கக்கண்டியில் இருந்து ஒருவர்: ‘எங்கட கரை வாசம் அடிக்குது.’ இன்னொருவர்: ‘ஆன்ட்டி, வீட்டில சமையல் இல்லையோ?’ மற்றொருவர்: ‘அம்பாவுக்கு ட்ரம்ஸ் போட்டுக் கெடுத்துப்போட்டினம்.’

அழுதவரைச் சுகந்தி மறந்துவிட்டாள். கெடுத்துப்போட்டினம் என்றவரை வெங்காயம் உரிக்கும்போதும் சொல்லிக்கொண்டிருந்தாள்.

மனிதர் ஏன் இப்படி இருக்கிறோம்? எனக்குத் தெரிந்து ஓடுகிற எஞ்சினைப் பற்றிச் சொல்ல யாரும் என் பட்டறைக்கு வந்ததில்லை. நின்றுபோனால்தான் வருவார்கள். நானும் நின்றுபோனதைப் பற்றித்தான் யோசிப்பேன். ஆகவே அவளைக் குறை சொல்ல ஏலாது.

ஆனாலும் குசினியில் அந்த முனகல் இருந்தது. கலியாணம் முடித்த நாளில் இருந்து கேட்கிற முனகல். தேங்காய் துருவும்போது ஒரு மெட்டு. மீன் வெட்டும்போது ஒரு மெட்டு. அது கேட்கிற வரைக்கும் வீட்டில் எல்லாம் சரி என்று அர்த்தம். நான் அதைத்தான் பார்ப்பேன் – அவள் முகத்தைப் பார்ப்பதில்லை.

*

ஞாயிறு காலை. கரையில் வலை போட்டார்கள். வலை கொண்டுபோகிற படகின் எஞ்சின் இடக்குப் பண்ணியதால் நானும் அங்கே நின்றேன். ஆகவே இது பிறர் சொல்லிக் கேட்டதில்லை. கண்ணால் கண்டது.

கரைவலை தெரியாதவர்களுக்கு ஒரு சொல். படகு ஒரு கயிற்று நுனியைக் கரையில் விட்டுவிட்டுப் போகும். கடலில் வலையை அரைவட்டமாகப் போட்டுக்கொண்டு வந்து, மற்றக் கயிற்று நுனியைத் தள்ளி இன்னொரு இடத்தில் கரை சேர்க்கும். தெற்கில் ஒரு கயிறு. வடக்கில் ஒரு கயிறு. இரண்டு பக்கமும் ஆட்கள். இழுக்க இழுக்க, இரண்டு கூட்டமும் ஒன்றை நோக்கி ஒன்று நகரும். வலையின் நடுவில் மடி – மீன் சேர்கிற பை. மெஷினால் இழுக்கிற கரையும் இருக்கிறதாம். எங்கள் கரையில் கைதான்.

இதில் ஒரே ஒரு சட்டம். இரண்டு கயிறும் ஒரே அளவில் வர வேண்டும். ஒன்று முந்தினால் மடி திரும்பிவிடும். திரும்பினால் மீன் போய்விடும்.

அம்பா எதற்கு? களைப்புத் தெரியாமல் இருக்க என்பார்கள். அதுவும்தான். ஆனால் முக்கியம் இதுதான். இரண்டு கயிறும் ஒரே நேரத்தில் இழுக்க வேண்டும்.

நாதன் அன்று தெற்குக் கயிறு. கையில் ஒரு ஸ்பீக்கர். சின்னது. ஆனால் நல்ல சத்தம்.

“இண்டைக்கு அம்பா இல்லை. இண்டைக்கு எங்கட மச்சாளின்ர பாட்டு!” என்றான். மண்ணில் தடியை நட்டு, ஸ்பீக்கரை அதில் கொழுவினான்.

பெருமைதான். வேறு நோக்கம் இல்லை. மற்றவர்களுக்கும் சந்தோஷம். தங்கள் பாட்டு, தங்கள் கரை, தங்கள் ஊர்க் குரல். பாட்டு அடிக்க, தெற்குக் கயிறு ஆடிக்கொண்டே இழுத்தது. எனக்கும் – சொல்லுவதில் என்ன – ஸ்பேனர் கையில் ஆடியது.

வடக்குக் கயிற்றில் ஒன்றும் கேட்கவில்லை. காற்று எதிர்ப்பக்கம். அவர்கள் பழைய அம்பாவைப் பழைய வேகத்தில் சொல்லி இழுத்தார்கள்.

இங்கே ரிஸ்வானின் வேகம். அங்கே தகப்பன்மாரின் வேகம்.

நடுவில் நின்ற மண்டாடி தோளில் கிடந்த துவாயை எடுத்து ஆட்டினார். கத்தினார். தெற்குக் கயிற்றில் யார் பார்த்தது? எல்லாருடைய கண்ணும் மண்ணில். காது பாட்டில்.

பிறகு மண்டாடி ஓடினார். அவர் வந்து சேர முன்பே தெற்குப் பக்கம் முந்திவிட்டது. வலை கோணிக்கொண்டு வந்தது. மடி திரும்பியது. சாளைக் கூட்டம் ஒன்று – நல்ல கூட்டம் – வெயிலில் பளபளவென்று துள்ளிக்கொண்டு வெளியே போனது. கரையில் நின்ற எல்லாரும் பார்த்தோம். பார்க்கத்தான் முடிந்தது.

மடியை விரித்தார்கள். பாசி. சொறிமுட்டை என்கிற ஜெல்லிமீன். ஒரு ஒற்றைச் செருப்பு.

கறிக்குக்கூட இல்லை.

செல்லத்துரை அண்ணை இடுப்பில் கை வைத்துக்கொண்டு நின்றார். அவர் ஏசியிருந்தால் நல்லது. ஏசவில்லை.

நாதன் ஸ்பீக்கரை மெதுவாக நிறுத்தினான். எல்லாரும் அவனைப் பார்த்தார்கள். இந்த இடத்தில் ஒருவன் என்ன செய்வான்? ‘என்ர பிழை’ என்பானா? நாதன் வாயைத் திறந்து இழுத்துப் பாடினான்:

“மீன் வரேல்லை... மீன் வரேல்லை... ஆரிட தப்பு?”

கரை முழுக்கச் சிரித்தது. வெறும் வலையோடு நிற்கிறவர்களுக்குச் சிரிக்க ஒன்று வேண்டும். சிரித்த சிரிப்பில் ஸ்பீக்கர் மறந்துபோனது. பாட்டு மட்டும் மிஞ்சியது.

பத்து மணிக்குத் தேத்தண்ணிக் கடையில் அது கதை. மத்தியானம் ஊர்க் கதை. பின்னேரம் பாட்டுக்குக் கீழேயே ஒருவன் எழுதியிருந்தான்: ‘இந்தப் பாட்டைப் போட்டால் மீன் வராதாம். ராசியில்லாத பாட்டாம்.’ அதற்குக் கீழே சிரிக்கிற முகங்கள்.

சுகந்தி அதை வாசித்தாள். ஃபோனைக் கவிழ்த்து வைத்தாள். குசினிக்குள் போனாள். மீன் வெட்டும் சத்தம் கேட்டது.

மீன் வெட்டும் சத்தம் மட்டும்.

*

அன்று பின்னேரமே செல்லத்துரை அண்ணை வந்தார். கதிரையின் நுனியில் இருந்தார். சாய்ந்து இருக்கவில்லை. அதிலேயே எனக்கு விளங்கிவிட்டது.

“பாட்டு நல்லம் பிள்ளை. நான் இல்லையெண்டு சொல்லேல்லை.”

“சொல்லுங்கோ அண்ணை.”

“சனம் ஒரு மாதிரிக் கதைக்குது. வெள்ளிக்கிழமை... வேற பாட்டொண்டு படிக்கலாம்தானே? சாமிப் பாட்டு ஏதும்.”

சுகந்தி பால் விடாத பிளேன்ரீயை அவர் முன்னால் வைத்தாள்.

“அல்லாட்டி... முந்தி மாதிரிப் பின்னுக்கு நில்லுமன். டவுனால ஒரு பெடியன் வாறான். அவன் முன்னுக்குப் படிக்கட்டும்.”

“ஓம் அண்ணை. நான் பின்னுக்கே நிக்கிறன்.”

அவ்வளவுதான். பிளேன்ரீயைக் குடித்துவிட்டு அவர் போனார். போகும்போது வாசலில் என்னிடம், “என்ர வலைக்குப் பக்கத்தில மட்டும் அதைப் போடாமப் பாத்துக்கொள்ளும்” என்றார். ஏதோ நான்தான் போட்டதுபோல.

ஏதாவது சொல்ல வேண்டும் என்று தெரிந்தது. என்ன சொல்ல? இவ்வளவு காலம் எழுதுகிறேன்... வாய்க்கு ஒரு சொல் வரவில்லை. அவள் பக்கத்தில் போய் நின்றேன். அவள் வெங்காயத்தைத் தந்தாள். உரித்தேன்.

திங்கள் போனது. செவ்வாயும் போனது. சோறு இருந்தது. கறி இருந்தது. கேட்டால் பதில் இருந்தது. முனகல் இல்லை. பட்டறையில் எஞ்சின் சத்தத்துக்கு நடுவில் நின்றுகொண்டு வீட்டின் அமைதியை நினைத்துப் பயந்தேன். சிரிக்காதீர்கள். வெள்ளிக்கிழமை அவள் பின் வரிசைக்குப் போனால், பிறகு யார் அழைத்தாலும் வெளியே வரமாட்டாள். அவளை எனக்குத் தெரியும். ‘ஆ...’ என்று நின்றே காலம் போய்விடும்.

செவ்வாய் பின்னேரம் ரிஸ்வான் மூதூரில் இருந்து ஃபோன் எடுத்தார். யாழினி அதைச் சத்தமாக வைத்தாள்.

“அக்கா, ஸ்பீடக் கூட்டினது நான்தானே. நான் வந்து அந்தச் சம்மாட்டிக்கிட்டச் சொல்றன்.”

“நீ வராத தம்பி. போன முறை கரையில நிண்டு மூக்கைப் பொத்தினனீ.”

“அது கருவாட்டு மணம் அக்கா!”

அவள் சிரித்தாள். கொஞ்சம்தான். மலர் அக்கா வேலிக்கு மேலால் இதைக் கேட்டுக்கொண்டு நின்றார். அவர் கேட்காத ஃபோன் எங்கள் ஒழுங்கையில் ஒரு வீட்டிலும் இல்லை.

“சுகந்தி, நான் ஒண்டு கேக்கிறன். ஸ்பீக்கரைக் கொண்டுபோனவன் கரையில நிண்டு பகிடி விடுறான். பாட்டுப் படிச்சவள் குசினிக்குள்ள ஒளிச்சு நிக்கிறாள். ஏனடி?”

“ராசி இல்லையாம் அக்கா.”

“ராசியோ? வடக்குக் கயித்துக்காரன் ஒருத்தனும் உன்ர பாட்டைக் கேக்கவே இல்லையாம். கேக்காத பாட்டில என்ன ராசி இருக்கும்?”

சுகந்தி கையிலிருந்த அகப்பையைக் கீழே வைத்தாள்.

“கேக்கேல்லையோ?”

“காத்து மற்றப் பக்கமாம். உன்ர மனுசனும் அங்கதானே நிண்டவர். கேள்.”

என்னைப் பார்த்தாள்.

“ஓம்” என்றேன். “தெற்குக்கு மட்டும்தான் கேட்டது.”

“ஏன் சொல்லேல்லை?”

அவள் கேட்கவில்லை, நான் சொல்லவில்லை. இப்படியும் குடும்பங்கள் இருக்கின்றன.

அவள் அகப்பையைத் திரும்ப எடுத்துக்கொண்டு, “நாளைக்கு வலை போடுகினமோ?” என்றாள்.

“ஓம்.”

“நானும் வாறன்.”

“மீன் வாங்கவோ?”

“இல்லை.”

அதற்கு மேல் நான் கேட்கவில்லை. கேட்டிருந்தால் தடுத்திருப்பேனோ என்று பயம்.

*

புதன் காலை. வலை விழுந்துவிட்டது. கயிறு இரண்டு பக்கமும் கரை சேர்ந்துவிட்டது. நாதனை வடக்குக் கயிற்றுக்கு மாற்றியிருந்தார் செல்லத்துரை அண்ணை. தண்டனைதான். வாயால் சொல்லவில்லை.

சுகந்தி நேரே அவரிடம் போனாள். எங்கள் கரைக்குப் பெண்கள் வருவார்கள். மீன் வாங்குவார்கள். காய வைப்பார்கள். நடுவில் நின்று அம்பா எடுத்துக் கொடுத்ததை நான் பார்த்ததில்லை.

“அண்ணை, இண்டைக்கு ஒருக்கா நான் எடுத்துக் குடுக்கட்டோ?”

“என்ன பிள்ளை கதைக்கிறீர்?”

“ஸ்பீக்கர் வேண்டாம். மியூசிக் வேண்டாம். நடுவில நிண்டு படிக்கிறன். ரெண்டு கயித்துக்கும் கேக்கும்.”

“பொம்பிளை எடுத்துக் குடுத்து இந்தக் கரையில...”

“என்ர அப்பா நிண்ட இடம்தானே அண்ணை.”

அவர் கடலைப் பார்த்தார். மண்டாடியைப் பார்த்தார். மண்டாடி தோளை உயர்த்தினார். அவருக்கு அன்று தொண்டைக் கட்டு. அல்லது அப்படிச் சொன்னார்.

“மடி திரும்பினா?” என்றார் செல்லத்துரை அண்ணை.

“திரும்பினா வெள்ளிக்கிழமை நான் வரேல்லை. பின்னுக்கும் வரேல்லை. இனி ஒரு மேடைக்கும் வரேல்லை.”

இதைச் சொல்ல வேண்டாம் என்று கத்த வேண்டும்போல் இருந்தது எனக்கு. கையில் இருந்த ஸ்பேனரைப் படகுக்குள் போட்டேன். போய்த் தெற்குக் கயிற்றைப் பிடித்தேன். எனக்கு அங்கே வேலை இல்லை. ஆனால் சும்மா நிற்க ஏலாது.

சுகந்தி நடுவில் போய் நின்றாள். செருப்பைக் கழற்றினாள். உடனே பாடவில்லை. இழுக்கிறவர்களின் காலைப் பார்த்தாள். இந்தப் பக்கம். பிறகு அந்தப் பக்கம்.

பிறகு எடுத்தாள்.

“கயிறு வருது... கயிறு வருது...”

மெதுவாக. பாரமாக. நெட்டில் கேட்ட பாட்டே இல்லை இது. இரண்டு கூட்டத்துக்கும் போனது. அது தெரிந்தது, தலைகள் நிமிர்ந்தன. அடுத்த வரி கயிற்றுக்காரர் சொல்ல வேண்டியது. ‘கையெல்லாம் உப்பு.’

ஒருவரும் சொல்லவில்லை.

அலைச் சத்தம்.

ஃபோனில் என்றால் அந்த வரியையும் அவளே சொல்லிவிடுவாள். இங்கே அவள் ஒரு ஆள்தான். என் தொண்டை வரைக்கும் வந்தது. அங்கேயே நின்றுவிட்டது. வருடக்கணக்காக அடைத்துக் கிடந்த குழாய்.

அவள் விடவில்லை. அடுத்ததை எடுத்தாள்.

“ஆள் வரேல்லை... ஆள் வரேல்லை...”

வடக்கில் இருந்து ஒரு குரல். உரத்த குரல். நக்கல் குரல்.

“ஆரிட தப்பூ...?”

நாதன்.

சிரிப்பு வெடித்தது. ஆனால் ஒன்று நடந்தது. கவனித்தவர்கள் கவனித்திருப்பார்கள். அவன் கத்திய அந்த நொடியில் வடக்குக் கயிறு முழுவதும் ஒன்றாக இழுத்தது. தெற்கும் இழுத்தது. பகிடிக்குத்தான் கத்தினான். ஆனால் சரியான இடத்தில் கத்தினான்.

சுகந்தி அவனைத் திரும்பியும் பார்க்கவில்லை. மறுபடி எடுத்தாள்.

“கயிறு வருது... கயிறு வருது...”

“கையெல்லாம் உப்பு!”

அது நான்.

எப்படி வந்தது என்று தெரியாது. தண்ணீர் கலந்த பெற்றோலில் ஓடுகிற எஞ்சின் மாதிரி இருந்தது. எனக்கு முன்னால் இழுத்தவர்கள் கயிற்றை விடாமல் தலையை மட்டும் திருப்பி என்னைப் பார்த்தார்கள். பேசாத மனுசன் பாடுகிறானே என்று பார்த்தார்கள். பார்த்தவர்கள் அடுத்த முறை தாங்களும் சொன்னார்கள். வேறு வழி? என் குரலைத் தனியாகக் கேட்பதை விட அது நல்லது.

பிறகு நின்று யோசிக்க நேரம் இல்லை. அவள் கொடுத்தாள். நாங்கள் திருப்பினோம். அவள் இரண்டு கயிற்றையும் பார்த்துக்கொண்டே நின்றாள். தெற்கு கொஞ்சம் முந்தினால் வரியை இழுத்து நீட்டினாள். வடக்கு பிந்தினால் அந்தப் பக்கம் திரும்பிப் பாடினாள். ஒவ்வொரு முறையும் நாதன் ‘ஆரிட தப்பூ’ என்று அதே நக்கலோடு கத்தினான். ஒரு தரம்கூடத் தாளம் தப்பவில்லை.

எனக்கு வியர்த்தது. இழுத்த வியர்வை இல்லை. மடி கண்ணுக்குத் தெரிகிற வரைக்கும் நான் அந்தத் தண்ணீரைத் தவிர ஒன்றையும் பார்க்கவில்லை.

மடி நேராக வந்தது.

மீன்? எல்லாரும் கேட்பீர்கள் என்று தெரியும். பெரிதாக ஒன்றும் இல்லை. கொஞ்சம் சூடை, கொஞ்சம் நெத்தலி, பாரைக்குட்டிகள். செல்லத்துரை அண்ணை குனிந்து பார்த்து, “சுமார்” என்றார். மீன் என்ன, பாட்டுக் கேட்டா வருகிறது? இருந்தால் வரும். இருந்தது போகாமல் பார்ப்பதுதான் நம் வேலை.

அவர் நிமிர்ந்தார். சுகந்தியைப் பார்க்காமல் கடலைப் பார்த்துக் கேட்டார்.

“வெள்ளிக்கிழமை நடுவில ஒரு மைக் காணுமோ?”

“ரெண்டு வேணும் அண்ணை.”

“மற்றது ஆருக்கு?”

“நாதன் மச்சானுக்கு.”

நாதன் கயிற்றைப் போட்டுவிட்டு ஓடி வந்தான். “ஐயோ மச்சாள், நான் பகிடிக்குக் கத்தினனான்!”

“ஓம். அதே பகிடியை அதே இடத்தில கத்துங்கோ. பிந்தக் கூடாது.”

மலர் அக்கா கூடையோடு என்னைக் கடந்து போனார். “தம்பி, எஞ்சினுக்கு மட்டும் ஒயில் மாத்தினாக் காணாது. உங்கட தொண்டைக்கும் மாத்துங்கோ” என்றார்.

*

இன்று வியாழன். இதை எழுதிக்கொண்டிருக்கிறேன். நீங்கள் வாசிக்கும்போது வெள்ளிக்கிழமை முடிந்திருக்கும். எப்படிப் போனது என்று உங்களுக்குத் தெரிந்திருக்கும். எனக்கு இப்போது தெரியாது. கரையில் நின்றவர்கள் எல்லாரும் அவளைப் பிறந்த நாளில் இருந்து தெரிந்தவர்கள். திருவிழாவுக்கு வருகிறவர்கள் அப்படி இல்லை. டவுனில் இருந்து வருவார்கள். மூதூரில் இருந்து ரிஸ்வான் தன் சிநேகிதர்களோடு வருவார். நாதன் மைக்கைக் கண்டால் என்ன செய்வான் என்று கடவுளுக்கும் தெரியாது. அவள் எடுத்துக் கொடுத்து, சனம் பேசாமல் நின்றுவிட்டால்?

தனிப்பாட்டு என்கிறார்கள். எனக்கு அது இன்னும் சரியாக விளங்கவில்லை. ஒரு கயிற்றைத் தனியாக யார் இழுத்தது?

குசினியில் முனகல் கேட்கிறது. வழக்கத்தை விட வேகமாக. பயத்தில் இருக்கிறாள். இருக்கட்டும். நானும்தான்.

யாழினி ஃபோனைப் பார்த்து, இவ்வளவு ஆயிரம் பேர் பார்த்துவிட்டார்கள் என்று வந்து சொன்னாள். சுகந்தி அதைக் காதில் வாங்கவில்லை. கதவு நிலையில் சாய்ந்துகொண்டு என்னைக் கேட்டாள்.

“கரையில எத்தினை பேர் திருப்பிப் படிச்சவை?”

நான் எண்ணியிருந்தேன். அவளுக்கு அது தெரியும். தெற்கு, வடக்கு, மீன் பெட்டி தூக்கியவர்கள், கடைசியில் செல்லத்துரை அண்ணை, பிறகு நான்.

முப்பத்தொன்று.